திருநெல்வேலி நீதிபதியும் யாரும் படிக்காத தீர்ப்புகளும்

ஸ்ரீ சீனிவாசன் பெயர் செய்தியில் அடிபடும்போதெல்லாம் நம்ம ஆட்கள் ஒரே கட்டுரையைத்தான் திரும்பத் திரும்ப எழுதுகிறார்கள். பூர்வீகம் திருநெல்வேலி பக்கம் மேலத்திருவேங்கடநாதபுரம். 1967இல் சண்டிகரில் பிறந்தார். அப்பா கணிதப் பேராசிரியர். கான்சாஸ் பல்கலைக்கழகத்தில் அவருக்கு வேலை என்பதால் பையன் வளர்ந்தது லாரன்ஸ் என்ற ஊரில். அப்புறம் ஸ்டான்ஃபோர்டு, 2013 மே மாதம் செனட்டில் 97-0 ஓட்டு, பகவத் கீதையின் மேல் உறுதிமொழி, 2020இல் தலைமை நீதிபதி. 2016இல் உச்ச நீதிமன்றத்துக்கே போவார் என்று பேச்சு வந்தது. ஒபாமா மெரிக் கார்லண்டைத் தேர்ந்தெடுத்தார். கட்டுரை அதோடு முடிந்துவிடும்.

சரிதான். ஆனால் ஒரு கிரிக்கெட்காரரைப் பற்றி எழுதும்போது ரன் கணக்கைச் சொல்லாமல் விடுவோமா? நீதிபதிக்கு ரன் அவர் எழுதிய தீர்ப்புதானே. அதில் ஒன்றைக்கூட இந்தக் கட்டுரைகளில் நான் பார்த்ததில்லை.

அவர் இருப்பது வாஷிங்டன் டி.சி. மேல்முறையீட்டு நீதிமன்றம். அமெரிக்க அரசுத் துறைகள் போடும் விதிகளை எதிர்க்கும் பெரிய வழக்குகள் பலவும் இங்கேதான் வந்து சேரும். 2015 ஆகஸ்டில் ஒரு வார இடைவெளியில் அவர் எழுதிய இரண்டு தீர்ப்புகளை எடுத்துக்கொள்கிறேன்.

ஆகஸ்ட் 21ஆம் தேதி வந்தது, வயதானவர்களையும் நோயாளிகளையும் வீட்டில் இருந்து கவனித்துக்கொள்ளும் பணியாளர்கள் பற்றியது. 1974இல் அமெரிக்க நாடாளுமன்றம் வீட்டுவேலைக்கும் குறைந்தபட்சக் கூலிச் சட்டத்தை நீட்டித்தது. ஆனால் 'துணைக்கு இருப்பவர்கள்' என்று ஒரு விலக்கும் வைத்தது. பக்கத்து வீட்டுப் பாட்டிக்குத் துணையாகப் போகிறவரை மனதில் வைத்து எழுதிய விலக்கு அது. ஆள் அனுப்பும் ஏஜென்சிகளும் அதற்குள் நுழைந்துகொள்ளத் தொழிலாளர் துறையின் விதியே இடம் கொடுத்தது. 2007இல் உச்ச நீதிமன்றம், இதை முடிவு செய்வது துறையின் பொறுப்பு என்று சொல்லி அந்த விதியை ஏற்றது. 2013இல் துறை மனசு மாறி, ஏஜென்சிகளுக்கு விலக்கு கிடையாது என்றது. ஏஜென்சிகளின் சங்கம் வழக்குப் போட்டு, கீழ் நீதிமன்றத்தில் ஜெயித்தது. சீனிவாசன் அதை மாற்றி எழுதினார். ஏறத்தாழ 20 லட்சம் பேரைத் தொடுகிற விஷயம்.

இதை நான் தேடிப் படித்ததற்குக் காரணம் என் பெரியம்மா மகள். சிங்காரப்பேட்டையிலிருந்து ஊத்தங்கரை, கிருஷ்ணகிரி, ஓசூர் என்று பஸ் மாறி பெங்களூரு போய், ஏஜென்சி மூலம் ஒரு வீட்டில் படுத்த படுக்கையாக இருக்கிற அம்மாவைப் பார்த்துக்கொள்கிறார். தீர்ப்பைப் பற்றிச் சொன்னேன். "ராத்திரி முழிச்சிருக்கறதும் கணக்குல வருமா தம்பி?" என்றார்.

தீர்ப்பில் அக்கா மாதிரி ஆட்களைத் தேடினால் கொஞ்சம் ஏமாற்றம்தான். வாதம் முழுக்க இதுதான்: முடிவு செய்யும் அதிகாரம் துறைக்கு உண்டு என்று உச்ச நீதிமன்றமே சொல்லிவிட்டது, துறை காரணம் காட்டித் தன் முடிவை மாற்றியிருக்கிறது, ஆகவே செல்லும். 'இந்த வேலைக்குக் கூலி நியாயமாக வேண்டும்' என்ற கோபம் எங்கும் இல்லை.

ஆகஸ்ட் 28ஆம் தேதித் தீர்ப்பில் எதிரில் நின்றவர் ஹரால்ட் ஹாட்ஜ். கறுப்பினத்தவரையும் ஹிஸ்பானியர்களையும் போலீஸ் நடத்தும் விதத்தைக் கண்டித்து, கழுத்தில் அட்டையை மாட்டிக்கொண்டு 2011 ஜனவரியில் உச்ச நீதிமன்ற முற்றத்தில் தனியாக நின்றார், கைது செய்தார்கள். அந்தத் தடைச் சட்டம் செல்லாது என்றது கீழ் நீதிமன்றம். செல்லும் என்று எழுதினார் சீனிவாசன். பக்கத்து நடைபாதையில் நிற்கலாமே, முற்றத்தில்தான் கூடாது என்பது அவர் பதிலில் ஒரு பகுதி. இந்தத் தீர்ப்பு எனக்கு உவப்பில்லை. ஒற்றை ஆள் அட்டையோடு நிற்பதால் நீதிமன்றம் அழுத்தத்துக்குப் பணிந்ததாகத் தோன்றிவிடுமா என்ன?

ஆனால் இரண்டையும் சேர்த்துப் படித்தால் ஆள் ஒருவர்தான் என்பது தெரிகிறது. இருக்கிற சட்டம், இருக்கிற முன்தீர்ப்பு, அதற்கு மேல் ஓர் அடி வைக்கமாட்டார். முன்பு வக்கீலாக எக்ஸானுக்கும் என்ரான் ஸ்கில்லிங்குக்கும் ஆஜரானதை வைத்து இவரை முதலாளி பக்கம் என்றவர்கள் உண்டு. வக்கீல் கட்சிக்காரருக்காகப் பேசத்தான் செய்வார், அதை நான் பெரிதாக எடுக்கவில்லை. 97-0 வந்ததற்குக் காரணம் இந்த அடக்கம்தான் என்று நினைக்கிறேன். இரண்டு கட்சிக்குமே பயப்பட ஒன்றும் தெரியவில்லை.

அந்த அடக்கத்துக்கு ஒரு விலை இருக்கிறது. துறைக்கு அதிகாரம் உண்டு என்ற காரணத்தால் கிடைத்ததை, அதே அதிகாரத்தால் துறை திருப்பி எடுக்கலாம். 2025 ஜூலையில் அதே தொழிலாளர் துறை, 2013 விதியை விலக்கிக்கொள்ளும் முன்மொழிவை வெளியிட்டது. அதைத் தடுக்கச் சீனிவாசன் தீர்ப்பில் ஒரு வரிகூட இல்லை. சொல்லப்போனால், ஏஜென்சிகளின் வக்கீல் நாளைக்கு அதையே மேற்கோள் காட்டலாம்.

அக்காவிடம் இந்த இரண்டாம் பாதியை இன்னும் சொல்லவில்லை.