பின்னால் தட்டிய பந்து

"எப்பப் பாரு, பின்னாடியே பாஸ் கொடுக்கிறான்!" இங்கிலாந்தின் பிரீமியர் லீக் கால்பந்தில் இரண்டே சீசன் ஆடிவிட்டு நம் டி.வி.யிலிருந்து மறைந்துபோன அந்த நடுக்கள வீரர் மீது கடைசிவரை ஒட்டிக்கொண்டிருந்த வசை இது. பயந்தாங்கொள்ளி என்று முத்திரை குத்தியவர்களுக்குச் சொல்கிறேன்: அந்த அணியிலேயே நெஞ்சுரம் மிக்கவர் அவர்தான்.

அந்தப் பாஸை மறுபடி நினைத்துப் பாருங்கள். தடுப்பு வீரரிடமிருந்து பந்து வருகிறது. முதுகுப் பக்கம் எதிரணி ஆள் பாய்ந்து வருகிறார். பந்து காலுக்கு வருமுன்பே இவர் இரண்டு தரம் தலையைத் திருப்பிப் பார்த்திருப்பார். உடனே தட்டிவிட்டால் தப்பித்துக்கொள்ளலாம், தட்ட மாட்டார். ஆள் நெருங்கட்டும் என்று ஒரு கணம் காத்திருப்பார். மூச்சு பிடரியில் படும் தூரம் வந்தபிறகே, வந்த வழியில் ஒரே தட்டு. துரத்தியவர் அந்தப் பந்தை விரட்டி இன்னும் மேலே ஓடுவார். அவர் விட்டுவந்த இடம் காலியாகக் கிடக்கும். அடுத்த பாஸ் அங்கே போகும். கைதட்டல் மட்டும் அதை வாங்கி ஓடியவருக்கு!

பின்பாஸ் பத்திரமான பாஸ் என்பது பழைய கணக்கு. சக வீரர் காலால் தரும் பந்தை கோல்கீப்பர் கையால் எடுக்க 1992 முதல் தடை. பிசகினால் கோல்தான். 2019-இல் கோல் கிக் விதியும் மாறி, சக வீரர் பெனால்டி பகுதிக்குள்ளேயே பந்தை வாங்கலாம் என்றானது. எதிரணியைத் தன் வாசல்வரை இழுத்துவந்து ஏமாற்றுவது அதன்பின் பெரிய வித்தையாகிவிட்டது. இவர் அதில் கைதேர்ந்தவர்.

பிறகு ஏன் அந்த வசை ஒட்டிக்கொண்டது? சனிக்கிழமை மாலை மூன்று மணி ஆட்டங்களை இங்கிலாந்தில் நேரலையாகக் காட்டுவதில்லை. கீழ்நிலை லீக் மைதானங்களுக்குக் கூட்டம் குறையக் கூடாது என்பதற்கான ஏற்பாடு. இவருடைய சின்ன அணிக்குப் பெரும்பாலும் அந்த நேரம்தான். மைதானத்துக்குப் போகாத அந்த ஊர் ரசிகர்கள் தொகுப்புக் காட்சிகளைப் பார்த்துத் தீர்ப்பெழுதினார்கள். தொகுப்பில் கோலுக்கு முந்தைய பாஸ் இருக்கும். அதற்கு நான்கு பாஸ் முன்னால் நடந்தது இருக்காது. நாமோ நம் நேரப்படி இரவு ஏழரைக்கோ எட்டரைக்கோ முழு ஆட்டத்தையும் பார்த்தோம். பார்த்தும் அதே வசையைத் திருப்பிச் சொன்னோம். என் ஆதங்கமெல்லாம் அதுதான்.

இனி நடக்கப்போவதைச் சொல்கிறேன். ஆளுக்கு ஆள் நெருக்கிப் பிடிக்கும் ஆட்டம் இன்னும் கூடும். ஐந்து மாற்று வீரர்களை இறக்கலாம் என்றாகிவிட்டதால் கடைசி நிமிடம்வரை துரத்தப் புதுக் கால்கள் கிடைக்கும். அப்போது நெருக்கடியில் ஒரு கணம் காத்திருக்கத் தெரிந்தவரைப் பெரிய அணிகளே தேடி அலையும். இரண்டாம் நிலை லீக்கில் ஆடும் இவரும் திரும்பி வருவார். வேகத்தை நம்பி ஆடியவர் இல்லை என்பதால் வயது அவரை அவ்வளவு சீக்கிரம் வீழ்த்தாது.

அடுத்த சனிக்கிழமை யாராவது பின்னால் தட்டினால் உடனே திட்டிவிடாதீர்கள். துரத்திவந்தவர் எந்த இடத்தை விட்டுவிட்டு வந்தார் என்று பாருங்கள். கோலுக்கான வழி அங்கேதான் திறந்திருக்கும்.