ஒளிக்கற்றையும் காகிதப் பூவும்

காதலின் அவலத்தைப் பேசிய இந்தித் திரைப்படங்கள் பல. அவற்றுள், சொல்லாற் கூற இயலாததை ஒளியாற் கூறியது எனச் சிறப்பித்து உரைக்கத்தக்கது, 1959ஆம் ஆண்டிலே குரு தத் இயக்கி நடித்த 'காகஸ் கே பூல்' ஆகும். 'காகிதப் பூக்கள்' என்பது அத்தொடரின் பொருள். சினிமாஸ்கோப் என்னும் அகன்ற திரைக்கென இந்தியாவில் எடுக்கப்பெற்ற முதற்படமாகவும் இது கருதப்படுகின்றது.

புகழ்மிக்க இயக்குநனாகிய சுரேஷ் சின்ஹா மனைவியைப் பிரிந்து வாழ்பவன். சினிமாத் தொழிலை இழிவாகக் கருதும் அவள் குடும்பத்தார் மகளையும் அவனிடமிருந்து விலக்கி வைத்துள்ளனர். மழையிரவொன்றில் மரத்தடியில் ஒதுங்கி நின்ற சாந்திக்கு அவன் தன் மேலங்கியை அளிக்கின்றான். அதனைத் திருப்பிக் கொடுக்க வந்தவள் அறியாது கமராவின் முன் நடந்துவிட, திரையில் அவ்வுருவைக் கண்ட அவன் அவளைத் தான் எடுக்கும் 'தேவதாஸ்' படத்தின் நாயகியாக்குகின்றான். அன்பு மலர்கின்றது, ஊர் தூற்றுகின்றது. மகளின் வேண்டுகோளுக்கு இணங்கிச் சாந்தி விலகிச் சென்று கிராமப் பள்ளி ஆசிரியை ஆகின்றாள். சுரேஷோ மதுவில் வீழ்கின்றான்.

இக்கதையிற் புதுமை பெரிதில்லை. புதுமை, ஒளிப்பதிவாளர் வீ. கே. மூர்த்தியின் கைவண்ணத்திலேயே உள்ளது. ஆளரவமற்ற படப்பிடிப்புக் கூடத்தில் இருவரும் எதிரெதிரே நிற்கின்றனர். மேலிருந்து ஒரு பெரும் ஒளிக்கற்றை சாய்ந்து இறங்குகின்றது. புறத்தேயுள்ள சூரிய ஒளியைப் பெருங்கண்ணாடிகளாற் பிரதிபலிக்கச் செய்து அமைத்த ஒளி அது. கீதா தத்தின் குரல் ஒலிக்க, நின்ற உடல்களினின்றும் நிழலுருவங்கள் பிரிந்து சென்று அவ்வொளியிலே கூடுகின்றன. உடல்களோ நின்ற இடத்திலேயே நிற்கின்றன. உள்ளம் கூடியும் உலகியலாற் கூடாத நிலையை இதனினும் செவ்விதாகக் காட்டுதல் அரிது.

அகன்ற திரை ஆரவாரத்துக்கே உரியதென்பது பொதுவான எண்ணம். குரு தத் அதனை வெறுமையைக் காட்டக் கையாண்டார். திரையின் ஒருபுறத்தே சிறுத்து நிற்கும் மனிதனும் அவனைச் சூழ்ந்த இருண்ட வெளியுமே அவன் தனிமையை உணர்த்திவிடுகின்றன.

குறைகளும் இல்லாமலில்லை. ஜானி வாக்கரின் நகைச்சுவைப் பகுதி கதையோடு ஒட்டவில்லை. சாந்தியின் அகவுலகம் பெரும்பாலும் சுரேஷின் துயரினூடாகவே காட்டப்படுவதால், அவளது தியாகம் முழுமையாக விளங்காது போகின்றது.

ஆயின் சுரேஷின் வீழ்ச்சிக்குச் சமூகம் மட்டுமே காரணமன்று. சாந்தி மீண்டு வந்து அவனுக்கும் வாய்ப்புப் பெற்றுத் தர முனையும்போது, தன்மானம் கருதி அவன் அதனை மறுக்கின்றான். பழிக்கு அஞ்சாதவன் இரக்கத்துக்கு அஞ்சினான். இந்நுட்பமே படத்தை வெறும் ஒப்பாரியாகாது காக்கின்றது. முடிவில், தான் முன்னர் ஆண்ட அதே கூடத்தில், இயக்குநரின் நாற்காலியிலேயே அவன் உயிர் பிரிகின்றது. தொழில் நில்லாது தொடர்கின்றது.

வெளியான காலத்தில் இப்படம் தோல்வியுற்றது. அதன்பின் குரு தத் தம் பெயரில் வேறெப்படத்தையும் இயக்காது 1964இல் மறைந்தார். மூர்த்திக்கோ 2008ஆம் ஆண்டுக்கான தாதாசாகேப் பால்கே விருது கிடைத்தது. காகிதப் பூவுக்கு மணமில்லை என்பர்; ஆயினும், அன்று உதறப்பட்ட இக்காகிதப் பூ இன்றும் வாடாதிருக்கின்றது.