மோகமுள் நாவலில் காதல் சித்திரிப்பு

மோகமுள், தி. ஜானகிராமன் (1921–1982) எழுதிய நாவல். 1950களில் சுதேசமித்திரன் வார இதழில் தொடராக வெளிவந்து பின்னர் நூலாகியது. கும்பகோணத்தில் கல்லூரியில் படிக்கும் பாபு, தன்னைவிடப் பத்து வயது மூத்த யமுனா மீது கொள்ளும் காதலே இதன் மையம். 1995இல் ஞான ராஜசேகரன் இயக்கத்தில் திரைப்படமாகவும் வந்தது.

தடை

பெரும்பாலான தொடர்கதைகளில் காதலுக்குத் தடை வெளியிலிருந்து வரும். பெற்றோர் மனம் மாறினால் கதை முடிந்துவிடும். மோகமுள்ளிலும் அத்தகைய தடைகள் உண்டு. யமுனாவின் தந்தை பிராமணர், தாய் தஞ்சை மராட்டிய மரபினர். இந்தக் கலப்பினால் அவளுக்கு வரும் வரன்கள் தட்டிப்போகின்றன. ஆனால் நாவலை நகர்த்தும் தடை பாபுவின் மனத்துக்குள் இருக்கிறது. அவன் யமுனாவைத் தெய்வமாக வணங்குகிறான். அவளையே விரும்பவும் செய்கிறான். வணங்குவது விரும்புவதைக் குற்றமாக்குகிறது. இந்த முரணை எந்தப் பெரியவரும் வந்து தீர்த்துவைக்க முடியாது. இந்தக் காதல் நம்பும்படி இருப்பதற்கு முதற்காரணம் இதுவே.

காதலுக்கு வெளியே

பாபுவுக்குக் காதல் தவிர வேறு வாழ்க்கையும் இருக்கிறது. ரங்கண்ணாவிடம் இசை கற்கிறான். நண்பன் ராஜத்துடன் பேசித் தீர்க்கிறான். தந்தையின் எதிர்பார்ப்பைச் சுமக்கிறான். காதலால் இவற்றில் எதை இழக்க நேரும் என்பது வாசகருக்குத் தெரிவதால்தான் அந்தக் காதலுக்குக் கனம் கூடுகிறது. காதலிப்பதைத் தவிர வேறு வேலையில்லாத நாயகர்களைக் கொண்ட கதைகள் இந்தக் கனத்தைப் பெறுவதில்லை.

முடிவு

ஆண்டுகள் பல கழித்து, வறுமையால் தளர்ந்த யமுனா சென்னையில் பாபுவிடம் தன்னை ஒப்படைக்கிறாள். வழக்கமான கதை இங்கே மங்களம் பாடியிருக்கும். ஜானகிராமனோ, இத்தனை தவிப்பும் இதற்காகத்தானா என்ற பொருளில் அவளைக் கேட்க வைக்கிறார். அந்த ஒரு கேள்வி முன்னால் வந்த பக்கங்களையெல்லாம் மறுபடி எண்ணிப் பார்க்க வைக்கிறது. நிறைவேறிய பின்னும் காதல் கேள்வியாகவே நிற்கிறது.

குறைகள்

கதை பாபுவின் பக்கத்திலிருந்தே சொல்லப்படுகிறது. அவன் காத்திருந்த ஆண்டுகள் விரிவாக எழுதப்பட்டுள்ளன. அதே ஆண்டுகளில் யமுனாவின் மனம் எப்படி மாறியது என்பதைப் பெரும்பாலும் வாசகரே ஊகிக்க வேண்டியிருக்கிறது. முதியவருக்கு மணம் செய்விக்கப்பட்ட தங்கம்மாவின் நிலை இன்னும் பரிதாபம். பாபுவை நாடி வந்து, பின் அவனால் விலக்கப்பட்டு, அவள் தற்கொலை செய்துகொள்கிறாள். அந்தச் சாவு அவளுடைய துயரமாக நிற்பதைவிட, பாபுவின் குற்றவுணர்ச்சிக்கு ஒரு காரணமாகவே அதிகம் பயன்படுகிறது.

மதிப்பீடு

இக்குறைகளுக்குப் பிறகும் மோகமுள் காதல் கதை எழுத முனைவோர் ஊன்றிப் படிக்க வேண்டிய நாவல். காதலர் சேர்வார்களா என்பதோடு, சேர்ந்தபின் என்ன மிஞ்சும் என்பதையும் அது கேட்கிறது. அந்த இரண்டாம் கேள்வியே அதை மறுவாசிப்புக்கு உரியதாக்குகிறது.