சாயமிட்ட முடியும் தூக்குக் கயிறும்: டயானா டோர்ஸை முன்வைத்துச் சில குறிப்புகள்

1

டயானா டோர்ஸ் (1931–1984) என்று பேச்செடுத்தாலே ‘பிரிட்டனின் மர்லின் மன்றோ’ என்று ஆரம்பித்துவிடுகிறார்கள். அசல் சரக்கு ஹாலிவுட்டில் இருக்கிறது, இது அதன் உள்ளூர் நகல், விலை கொஞ்சம் குறைவு. அந்த அடைமொழிக்குள் இருக்கிற சங்கதி அவ்வளவுதான். இன்னொரு கோஷ்டி உண்டு. கொஞ்சம் படித்த கோஷ்டி. ‘அதெல்லாம் கிடக்கட்டும், 1956இல் வந்த “யீல்ட் டு தி நைட்” படத்தைப் பாருங்கள், மேக்கப்பையெல்லாம் கழற்றி வைத்துவிட்டு நடித்திருக்கிறார், அந்தம்மா உண்மையிலேயே நடிகைதான்’ என்பார்கள். முதல் கோஷ்டி உடலை ரசிக்கிறது. இரண்டாவது கோஷ்டி உடலை மன்னிக்கிறது. அந்த உடல் ஒரு மலிவான சமாச்சாரம் என்பதில் இரண்டு பேருக்கும் கருத்து வேறுபாடே இல்லை.

அந்த ஒரு படத்தை வைத்து வேறொரு வாசிப்பைச் செய்துபார்க்கலாம். பத்து வருஷம் விற்பனைக்காகப் பார்க்கப்பட்ட ஒரு உடல், இந்தப் படத்தில் கொல்வதற்காகப் பார்க்கப்படுகிறது. சந்தையின் பார்வையும் அரசின் பார்வையும் ஒன்றையொன்று எவ்வளவு நெருக்கமாக அறிந்திருக்கின்றன என்பதைத்தான் படம் காட்டிவிடுகிறது. மரண தண்டனைக்கு எதிராகப் பேசுகிறவர்களுக்கு இங்கே யோசிக்க விஷயம் இருக்கிறது.

2

டோர்ஸின் ஊர் ஸ்விண்டன். ரயில்வே பட்டறையைச் சுற்றி வளர்ந்த ஊர். அப்பா ரயில்வேயில் குமாஸ்தா. இவருக்கு வைத்த பெயர் டயானா மேரி ஃப்ளக். விளக்கு போட்ட விளம்பரப் பலகையில் அந்தப் பெயரை எழுதி ஒரு எழுத்து பல்பு அணைந்துபோனால் கெட்ட வார்த்தையாகிவிடும், அதனால்தான் மாற்றச் சொன்னார்கள் என்று அவரே வேடிக்கையாகச் சொல்வதுண்டு. பாட்டி வழிப் பெயரான டோர்ஸ் வந்து ஒட்டிக்கொண்டது.

பதின்ம வயதிலேயே ரேங்க் நிறுவனம் அவரை ஒப்பந்தம் செய்கிறது. வடக்கு லண்டனில், ஹைபரியில் ஒரு தேவாலயக் கூடத்தில் அந்த நிறுவனம் ஒரு பயிற்சிக்கூடம் நடத்தியது. ‘சார்ம் ஸ்கூல்’ என்று பத்திரிகைகள் அதற்குப் பெயர் வைத்தன. எப்படி நடப்பது, எப்படி உட்காருவது, எப்படிப் பேசுவது என்று அங்கே சொல்லிக்கொடுத்தார்கள். உடலைப் பழக்கி, ஒழுங்குபடுத்தி, சந்தைக்கு அனுப்புகிற பட்டறை என்று சொன்னால் தப்பில்லை. ரயில் பெட்டி செய்கிற ஊரிலிருந்து வந்த பெண்ணுக்குப் பட்டறை ஒன்றும் புதுசில்லை.

கிடைத்த வேஷங்களைப் பாருங்கள். டேவிட் லீனின் ‘ஆலிவர் ட்விஸ்ட்’டில் (1948) வேலைக்காரப் பெண். ‘குட்-டைம் கேர்ள்’ (1948) படத்தில் வழிதவறப் போகிற சிறுமி. ‘தி வீக் அண்ட் தி விக்கெட்’ (1954) படத்தில் சிறைக் கைதி. யுத்தத்துக்குப் பிந்தைய பிரிட்டிஷ் சினிமாவில் மரியாதையான குடும்பப் பெண்களுக்கென்று தனியாக நடிகைகள் இருந்தார்கள். கீழ்த்தட்டிலிருந்து மேலே வர ஆசைப்படுகிற, அதற்காகத் தண்டிக்கப்படுகிற பெண் என்றால் டோர்ஸைக் கூப்பிடு. முடிக்குச் சாயம் போட்டவள் எல்லாவற்றுக்கும் துணிந்தவள் என்கிற வர்க்கத் தீர்ப்பு அந்த வேஷங்களுக்குள்ளேயே எழுதப்பட்டிருந்தது.

1951இல் டென்னிஸ் ஹாமில்டனோடு கல்யாணம். புருஷனே மேனேஜர். அடியும் உதையும் நிறைந்த தாம்பத்தியம் அது. 1954இல் இரண்டு வண்ணக் கண்ணாடி மாட்டிக்கொண்டு பார்க்கிற முப்பரிமாணப் புகைப்படப் புத்தகம் வந்தது. 1955இல் வெனிஸ் திரைப்பட விழாவில், ரோமத்தோல் நீச்சலுடையில் படகில் போஸ் கொடுத்தார். மிங்க் என்று ஊரெல்லாம் எழுதினார்கள். அது முயல் தோல். பார்க்கிறவனுக்கு மிங்க், போட்டிருப்பவளுக்கு முயல். நட்சத்திர முறைமை என்பதை இதைவிடச் சுருக்கமாக விளக்க முடியாது.

3

அதே 1955இல் ரூத் எல்லிஸ் தூக்கிலிடப்பட்டார். லண்டன் இரவு விடுதிகளில் வேலை செய்த பெண். தன்னை அடித்துக்கொண்டிருந்த காதலன் டேவிட் பிளேக்லியை ஏப்ரல் 10ஆம் தேதி ஹாம்ஸ்டெட்டில் ஒரு மதுவிடுதிக்கு வெளியே சுட்டுக்கொன்றார். ஜூனில் விசாரணை. அரசு வழக்கறிஞர் கேட்டது ஒரே ஒரு கேள்வி: சுட்டபோது உன் நோக்கம் என்ன? கொல்வதுதான் என்று அவர் ஒளிக்காமல் சொன்னார். ஜூரிகளுக்கு அரை மணி நேரம்கூடத் தேவைப்படவில்லை. ஜூலை 13ஆம் தேதி ஹாலோவே சிறையில் கதை முடிந்தது. பிரிட்டனில் தூக்கிலிடப்பட்ட கடைசிப் பெண் அவர்தான்.

இந்த எல்லிஸ், 1951இல் வந்த ‘லேடி கொடைவா ரைட்ஸ் அகெய்ன்’ என்ற படத்தில் பெயர் போடாத ஒரு சின்ன வேஷத்தில் வந்தவர். அழகிப் போட்டி பற்றிய படம். அதில் டோர்ஸும் இருக்கிறார். ஒரே படத்தில், ஒரே வரிசையில் நிற்கவைக்கப்பட்ட பெண்கள். ஒருத்தி சுவரொட்டிக்குப் போனாள், இன்னொருத்தி தூக்குமேடைக்கு.

விசாரணைக்கு வரும்போது எல்லிஸ் முடிக்குப் புதுசாகச் சாயம் போட்டுக்கொண்டு வந்தார் என்பது அன்று பெரிய பேச்சாக இருந்தது. அடக்கமாக, அழுது வீங்கிய முகத்தோடு வந்திருந்தால் பிழைத்திருப்பார் என்று இன்றைக்கும் எழுதுகிறார்கள். அதாவது, உயிர்ப்பிச்சை வேண்டுமென்றால் முதலில் தலையைக் கழுவிக்கொண்டு வா!

4

‘யீல்ட் டு தி நைட்’ எல்லிஸின் கதை என்று பலர் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். அப்படியில்லை. ஜோன் ஹென்றியின் நாவல் 1954லேயே வந்துவிட்டது. ஹென்றி ஹாலோவே சிறையில் கைதியாக இருந்தவர். ‘தி வீக் அண்ட் தி விக்கெட்’ படத்துக்கு மூலமும் அவருடைய சிறை அனுபவ நூல்தான். இரண்டு படங்களுக்கும் இயக்குநர் ஜே. லீ தாம்ப்ஸன். ஆகவே இந்தக் கதையாடல் எல்லிஸ் வழக்கின் பரபரப்பிலிருந்து பிறந்ததில்லை. உள்ளே இருந்து வந்த ஒரு பெண்ணின் எழுத்திலிருந்து பிறந்தது.

படம் கொலையோடு தொடங்குகிறது. மேரி ஹில்ட்டன், வாசனைத் திரவியக் கடையில் வேலை பார்க்கிறவள், பட்டப்பகலில் இன்னொரு பெண்ணைச் சுட்டுத் தள்ளுகிறாள். கேமரா அவளுடைய குதிகால் செருப்பை, நடையை, சாயமிட்ட முடியைத் துண்டு துண்டாகக் காட்டிக்கொண்டே வருகிறது. அதுவரை டோர்ஸைச் சினிமா எப்படிப் பார்த்ததோ அப்படியே. அப்புறம் படம் மரண தண்டனைக் கைதியின் அறைக்குள் போகிறது. நினைவோட்டங்களுக்காக வெளியே போய்வந்தாலும் மறுபடி மறுபடி அங்கேயே வந்து நிற்கிறது.

அந்த அறையில் விளக்கை அணைப்பதில்லை. பெண் காவலர்கள் முறைவைத்து மாறிமாறிப் பார்த்துக்கொண்டே இருக்கிறார்கள். அவள் தூங்குவதையும் பார்க்கிறார்கள், சாப்பிடுவதையும் பார்க்கிறார்கள். யாரும் அவளைத் திட்டுவதில்லை, அடிப்பதில்லை. டீ கொடுக்கிறார்கள், கூட உட்கார்ந்து விளையாடுகிறார்கள். மாக்ஃபர்லேன் என்கிற காவலருக்கு (யுவோன் மிட்செல்) அவள்மேல் உண்மையிலேயே பிரியம் வந்துவிடுகிறது. அறையில் கைப்பிடி இல்லாத ஒரு கதவு இருக்கிறது. அது எங்கே திறக்கும் என்பது எல்லோருக்கும் தெரியும்.

லாரா மல்வி 1975இல் எழுதிய கட்டுரையில், சினிமாவில் பெண் பார்க்கப்படுவதற்காக நிறுத்தப்படுகிறாள், பார்வையின் உரிமை ஆணிடம் இருக்கிறது என்று வாதிட்டது நமக்குத் தெரியும். அதே 1975இல் ஃபூக்கோவின் சிறை பற்றிய நூல் வெளிவந்தது. ஓயாத கண்காணிப்பே நவீன தண்டனையின் இயந்திரம் என்றது அது. இரண்டும் வருவதற்குப் பத்தொன்பது வருஷம் முன்பே, கோட்பாடு எதுவும் படிக்காத ஒரு வணிகப் படம் இரண்டையும் ஒரே அறைக்குள் கொண்டுவந்து வைத்துவிட்டது. நட்சத்திரம் என்பவள் இருபத்துநாலு மணி நேரமும் வெளிச்சத்தில் இருப்பவள். தூக்குக் கைதியும் அப்படியே. இருவரின் உடம்பையும் மற்றவர்கள் பத்திரமாகப் பராமரிக்கிறார்கள். தன்னைத்தானே கொன்றுகொள்ளக்கூடாது, நோயில் செத்துவிடக்கூடாது, குறித்த நாளில் ஆரோக்கியமாகச் சாகவேண்டும். அரசின் இந்தக் கனிவுதான் படத்தில் மிகக் கொடூரமான விஷயம்.

டோர்ஸைத் தவிர வேறு ‘நல்ல நடிகை’ யார் நடித்திருந்தாலும் இந்த அர்த்தம் கிடைத்திருக்காது. சுவரொட்டியில் பார்த்த அந்த உடலை நினைவில் வைத்துக்கொண்டுதான் பார்வையாளர் கொட்டகைக்குள் வருகிறார். பார்த்து ரசிக்க வந்தவரை, பார்த்துக் காவல் காக்கிற நாற்காலியில் படம் உட்காரவைத்துவிடுகிறது. கடைசியில் அவள் அந்தக் கதவுக்குள் போகிறாள்; சாம்பல் கிண்ணத்தில் அவள் வைத்துவிட்டுப் போன சிகரெட் புகைந்துகொண்டிருக்கிறது. பார்ப்பதற்கு இனி உடல் இல்லை.

5

படத்தைத் தலையில் தூக்கிவைத்து ஆட வேண்டியதில்லை. ஒரு பெரிய ஓட்டை இருக்கிறது. மேரி கொல்வது இன்னொரு பெண்ணை. அவள் காதலித்த ஜிம், பணக்காரியான லூசியை நேசித்துத் தற்கொலை செய்துகொள்கிறான்; பழி லூசிமேல் விழுகிறது. ஆண் சோகமாகச் செத்துத் தப்பித்துக்கொள்கிறான். எல்லிஸின் வாழ்க்கையிலும் டோர்ஸின் வீட்டிலும் இருந்த ஆணின் கைவன்முறைக்கு இந்தப் பிரதியில் இடமில்லை. அரசின் வன்முறையைப் பார்க்கத் தெரிந்த கேமராவுக்குப் புருஷனின் வன்முறை கண்ணில் படவில்லை.

ஆனால் ஒரு விஷயத்தில் படம் நம்மில் பலரைவிடத் துணிச்சலானது. மேரி நிரபராதி இல்லை. கொலையை நம் கண்முன்னால் காட்டிவிட்டுத்தான் படம் பேசத் தொடங்குகிறது. தப்பான சாட்சி, பொய் வழக்கு என்று எந்தக் குறுக்கு வழியும் கிடையாது. உருகி உருகி மன்னிப்புக் கேட்கிற பெண்ணாகவும் அவளைக் காட்டவில்லை. குற்றம் செய்தவள், பிடிவாதக்காரி. ஆனாலும் இவளைக் கொல்ல உங்களுக்கு உரிமை இல்லை என்கிறது படம்.

படம் வெளியான 1956இலேயே மரண தண்டனை ஒழிப்பு மசோதா காமன்ஸ் சபையில் நிறைவேறியது. பிரபுக்கள் சபை தோற்கடித்தது. 1965இல் கொலைக் குற்றத்துக்கான தூக்கு நிறுத்திவைக்கப்பட்டு 1969இல் நிரந்தரமாக ஒழிந்தது. அவர்கள் கைவிட்ட கயிறு நம்மிடம் இருக்கிறது. சாகும்வரை கழுத்தில் தொங்கவிட வேண்டும் என்று 1898ஆம் ஆண்டுக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் காலனி அரசு எழுதிவைத்தது, 1973ஆம் ஆண்டுச் சட்டத்தைக் கடந்து 2023ஆம் ஆண்டுச் சட்டத்துக்கும் வந்து சேர்ந்துவிட்டது.

6

கான் திரைப்பட விழாப் போட்டிக்குப் படம் போனது. அமெரிக்காவில் ‘பிளாண்ட் சின்னர்’ என்று பெயர் மாற்றி வெளியிட்டார்கள்: பொன்முடிப் பாவி! படம் எதை உடைத்ததோ அதையே தலைப்பாக்கி ஒட்டிவிட்டது சந்தை. அந்த வருஷமே டோர்ஸ் ஹாலிவுட் போனார். விருந்தொன்றில் நீச்சல் குளத்தில் விழுந்ததும், புருஷன் ஒரு புகைப்படக்காரரை அடித்ததும் செய்தியாகின. ஒழுக்க விதியைக் காட்டி ஆர்.கே.ஓ. நிறுவனம் ஒப்பந்தத்தை முறித்தது. 1960இல் ஒரு ஞாயிறு பத்திரிகை 35,000 பவுண்டு கொடுத்து அவருடைய வாழ்க்கைக் கதையை வாங்கித் தொடராகப் போட்டது. மேக்கப் போடாத டோர்ஸை வாங்க ஆள் இல்லை. 1968இல் திவால்.

அதற்கப்புறமும் அவர் ஓய்ந்துவிடவில்லை. ஸ்கோலிமோவ்ஸ்கியின் ‘டீப் எண்ட்’ (1970) படத்தில் பொதுக் குளியலகத்துக்கு வருகிற நடுவயதுப் பெண்ணாகச் சில நிமிஷங்களே வருகிறார். இளமையில் தன்னைப் பார்த்தவர்களின் பசியை, பருத்த உடம்போடு, வெட்கமில்லாமல், அந்தப் பையன்மேல் திருப்பிவிடுகிறார். பார்க்கப்பட்டவள் பார்க்க ஆரம்பித்தால் எப்படி இருக்கும் என்பதற்கு அந்தக் காட்சி போதும். 1984 மே மாதம் புற்றுநோயில் இறந்தபோது அவருக்கு 52 வயது. சாகும்வரை முடிக்குச் சாயம் போட்டுக்கொண்டுதான் இருந்தார்.

ஒருவரைத் தூக்கிலிருந்து காப்பாற்றப் பிரச்சாரம் செய்யும்போது நாமும் நல்ல மகன், நல்ல தாய், நன்றாகப் படித்தவர், மனம் திருந்தியவர் என்று படம் தேடி எடுத்துப் போடுகிறோம். நெருக்கடியில் அது தேவைப்படலாம். ஆனால் அப்படி ஒரு படம் கிடைக்காத கைதிகளும் கொட்டடியில் இருக்கிறார்கள். மேரி ஹில்ட்டனுக்காகப் பேசமுடியாத எதிர்ப்பு, அவர்கள் முறை வரும்போது வாயடைத்துப்போய்விடும்.