டூப்புக்கு ஒரு நியமனக் கடிதம்

கும்மிடிப்பூண்டி சிப்காட் ஆலையில் ஒரு தொழிலாளி உயரத்திலிருந்து விழுந்து இறந்தால் தொழிற்சாலை ஆய்வாளர் வந்து விசாரிப்பார். அடிபட்டவரின் சம்பளம் வரம்புக்குள் இருந்தால் இ.எஸ்.ஐ. மருத்துவம் உண்டு. அதே திருவள்ளூர் மாவட்டத்தின் இன்னொரு கோடியில், செம்பரம்பாக்கம் ஈ.வி.பி. பிலிம் சிட்டியில், ரோப்பில் தொங்கும் ஃபைட்டர் விழுந்தால் யூனியனும் தயாரிப்பாளரின் மனசும்தான் துணை. 2020 பிப்ரவரி 19 இரவு ‘இந்தியன் 2’ படப்பிடிப்பில் கிரேன் சரிந்து மூவர் இறந்தது அங்கேதான். அது சண்டைக் காட்சிகூட இல்லை.

இந்தத் தொழிலில் ஒருவர் எவ்வளவு தூரம் போகலாம் என்பதற்கு ஜூடோ கே.கே.ரத்னம் ஓர் எல்லை. 1959-ல் ‘தாமரைக்குளம்’ படத்தில் நடிகராக வந்தவர், 1966-ல் மாடர்ன் தியேட்டர்ஸின் ‘வல்லவன் ஒருவன்’ மூலம் சண்டைப் பயிற்சியாளர் ஆனார். ‘முரட்டுக்காளை’யின் ரயில் சண்டை அவர் அமைத்தது. கணினி வந்து கயிற்றை அழிக்காத காலம். ஓடும் ரயிலின் கூரைமேல் உருண்டவர்கள் நிஜமாகவே உருண்டார்கள். ஆயிரத்துக்கும் மேற்பட்ட படங்களில் பணியாற்றிய ரத்னம், 2023 ஜனவரியில் குடியாத்தத்தில் காலமானார். சூப்பர் சுப்பராயன், ஜாகுவார் தங்கம் என்று அடுத்த தலைமுறை மாஸ்டர்கள் பலர் அவரிடம் தொழில் பழகியவர்கள்.

எல்லோரும் மாஸ்டர் ஆவதில்லை. பெரும்பாலானோர் கதாநாயகனிடம் அடிவாங்கிப் பறந்தே ஓய்கிறார்கள். மொட்டை ராஜேந்திரன் நூற்றுக்கணக்கான படங்களில் அப்படித்தான் பறந்தார். கேரளத்தில் ஒரு மலையாளப் படத்துக்காக ஆலைக் கழிவு கலந்த தண்ணீரில் குதித்ததால் முடி கொட்டிப்போனதாக அவரே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். அந்த மொட்டைத் தலையை 2009-ல் ‘நான் கடவுள்’ படத்தில் பாலா வில்லனின் முகமாக்கினார். தமிழக அரசின் சிறந்த வில்லன் விருதும் கிடைத்தது. தொழில் நோயே முகவரியானதைக் கொடுப்பினை என்று சொல்லிவிட முடியுமா?

அங்கீகாரம் மெல்ல வருகிறது. சண்டை அமைப்புக்கான தேசிய விருது 2017-ல்தான் தொடங்கியது. ‘புலிமுருகன்’ படத்துக்காக அதை முதலில் பெற்றவர் பீட்டர் ஹெய்ன். ஆஸ்கரில் இந்தப் பிரிவு 2028 விழாவில்தான் வரப்போகிறது.

சாவோ காத்திருப்பதில்லை. 2022-ல் ‘விடுதலை’யில் கயிறு அறுந்து ஒருவர், 2024-ல் ‘சர்தார் 2’ தளத்தில் உயரத்திலிருந்து விழுந்து ஒருவர், 2025 ஜூலையில் நாகப்பட்டினம் அருகே ‘வேட்டுவம்’ படத்துக்காகக் காரைப் பாயவிட்ட மோகன்ராஜ். கடைசிச் சாவுக்குப் பிறகு, நாடு முழுவதும் சுமார் 650 சண்டைக் கலைஞர்களுக்கு அக்‌ஷய் குமார் காப்பீடு எடுத்துக் கொடுத்த செய்தி வந்தது. நல்ல காரியம். ஆனால் ஆலைத் தொழிலாளியின் காப்பீட்டுக்கு எந்த நடிகரையும் எதிர்பார்க்க வேண்டியிருப்பதில்லையே.

எழுத்து ஒப்பந்தமில்லாமல் சினிமாத் தொழிலாளியை வேலைக்கு வைக்கக் கூடாது என்று 1981-லேயே மத்தியச் சட்டம் சொன்னது. தளங்களில் நடந்தது வேறு கதை. 2025 நவம்பர் 21 அன்று புதிய தொழிலாளர் சட்டத் தொகுப்புகள் நடைமுறைக்கு வந்தபோது, மத்திய அரசின் அறிவிப்பு சண்டைக் கலைஞர்களைத் தனியே குறிப்பிட்டு, நியமனக் கடிதம் கட்டாயம் என்றது. முந்தின நாள் போனில் ஆள் சொல்லி அனுப்பும் தொழில் இது. அந்தக் கடிதத்தில் கையெழுத்துப் போடப்போவது தயாரிப்பாளரா, மாஸ்டரா, யூனியனா என்பதை இனிமேல்தான் பேசி முடிக்க வேண்டும்.