வண்டிக்காரன் ஏன் ஏறி உட்கார்ந்தான்?

அம்பேத்கரின் 'விசாவுக்காகக் காத்திருத்தல்' நம் கூட்டங்களில் அடிக்கடி எடுத்தாளப்படும் பிரதி. தீண்டாமை என்றால் என்னவென்று வெளிநாட்டாருக்கு விளங்க வைக்க 1930களின் நடுவில் ஆங்கிலத்தில் எழுதிய நினைவுகள். அவர் மறைந்து முப்பத்து நான்கு வருஷம் கழித்து, 1990ல்தான் தனி நூலாக வந்தது.

அதன் முதல் நினைவு 1901ல் நடந்த ஒரு பயணம். கோரேகானில் வேலை பார்க்கும் அப்பாவிடம் போகச் சத்தாராவிலிருந்து பிள்ளைகள் மட்டும் ரயிலேறுகிறார்கள். புதுச் சட்டை, புதுச் செருப்பு, பட்டுக்கரை வேட்டி. மசூரில் இறங்கியதும் ஸ்டேஷன் மாஸ்டர் 'யார் நீங்க' என்று கேட்க, ஒன்பது வயசுப் பையன் யோசிக்காமல் 'மகர்' என்று சொல்லிவிடுகிறான். அதற்கப்புறம் ஒரு வண்டியும் வரமாட்டேன் என்கிறது. கடைசியில் ஒருத்தன் சம்மதிக்கிறான்: இரட்டைக் கூலி, வண்டியைப் பிள்ளைகளே ஓட்டவேண்டும், அவன் கூட நடந்து வருவான்.

வழியில் தண்ணீர் கிடைக்காமல் கட்டுச்சோறு அப்படியே மூடப்படுவதைத்தான் நாம் மேடையில் சொல்கிறோம். சொல்லிக் கண்கலங்க வைக்கிறோம். அப்பா காசாளராக இருந்தது, பஞ்சம் தாக்கிய சனங்களுக்கு வேலை கொடுக்க அரசாங்கம் வெட்டிய ஏரிப் பணியில். அம்பேத்கர் இந்த முரணை விளக்குவதில்லை. தகவலாக வைத்துவிட்டு நகர்கிறார்.

இதைவிட முக்கியமான மௌனம் ஒன்று இருக்கிறது. நாலைந்து மைல் நடந்தபிறகு, வண்டிக்காரன் திடீரென்று தாவி ஏறிக் கயிற்றை வாங்கிக்கொள்கிறான். தீட்டு எங்கே போயிற்று? பிள்ளைகளுக்குக் கேட்கத் தைரியமில்லை. நாற்பதைத் தாண்டிய பாரிஸ்டரும் பதில் சொல்லவில்லை.

இண்டூரில் நண்பர்களோடு இதை வாசித்தபோது ஒரு பெரியவர் சிரித்தார். "இதுல என்னப்பா அதிசயம்? நான் சின்னப் பையனா சந்தைக்குப் போறப்ப, ஊர் எல்லை வரைக்கும் தள்ளித் தள்ளி நடப்பாங்க. எல்லை தாண்டுனா பக்கத்துல வந்து பேச்சு குடுப்பாங்க. திரும்பி வர்றப்ப அதே எடத்துல மறுபடியும் தள்ளிப் போயிடுவாங்க."

நம்முடைய கோட்பாட்டுக் கட்டுரைகள் பலவும் (என்னுடையதையும் சேர்த்துத்தான்) தீட்டை நம்பிக்கையாக, மனசுக்குள் இருக்கும் ஒன்றாகவே எழுதுகின்றன. பெரியவர் அதைப் பார்க்கிற கண்களில் வைத்தார். பகலில் சாட்சி உண்டு, ஆகவே சாதியும் உண்டு. ராத்திரியில் கால் வலி மட்டும்தான். இதை வண்டிக்காரனின் மனிதநேயம் என்று வாசிக்க இடமில்லை. ஏறி உட்கார்ந்தவன் கூலியைக் குறைத்துக்கொண்டதாக அம்பேத்கர் எங்கும் எழுதவில்லை. பிள்ளைகளுக்கோ பக்கத்தில் ஆள் வந்ததில் ஆறுதல் இல்லை, பயம்தான் கூடியது.