கல்லான பெண்டிர்: கிரேக்க உருமாற்றக் கதைகளும் புதுமைப்பித்தனின் அகலிகையும்

லீஸ்திராவில் சப்பாணியாயிருந்த ஒருவன் எழுந்து நடக்கக் கண்ட மக்கள், பர்னபாவை யூப்பித்தர் என்றும் பவுலை மெர்க்கூரி என்றும் அழைத்துப் பலியிட முற்பட்டதை அப்போஸ்தலர் நடபடிகள் 14ஆம் அதிகாரத்தில் வாசிக்கிறோம். அம்மக்களின் பரபரப்புக்குப் பின்னால் ஒரு பழங்கதை உண்டு என்பது விரிவுரையாளர் பலரின் கருத்து. யூப்பித்தரும் மெர்க்கூரியும் மானிட வேடத்தில் பிரிகியா நாட்டிற்கு வந்தனராம். ஆயிரம் வீடுகள் கதவடைத்தன. பிலேமோன், பௌசிஸ் என்னும் ஏழை முதியோர் மட்டுமே விருந்தோம்பினர். ஊர் நீரில் மூழ்கியது. அம்முதியோர் தம் இறுதி நாளில் இரு மரங்களாயினர். இக்கதையை நமக்கு வைத்துச் சென்றவர் உரோமப் புலவர் ஓவிட். கி.பி. 8ஆம் ஆண்டளவில் அவர் முடித்த 'உருமாற்றங்கள்' என்னும் பதினைந்து காண்டக் காவியம், கிரேக்கரின் உருமாற்றக் கதைகள் அனைத்திற்கும் களஞ்சியமாயிற்று. இந்நூலின் பெயரில் நிற்கும் கிரேக்கச் சொல்லே, வினைவடிவில், மலைமேல் ஆண்டவர் மறுரூபமானதற்கும், ரோமர் 12இல் விசுவாசிகள் மறுரூபமாகவேண்டும் என்பதற்கும் மூலத்தில் வருகிறது. சொல் ஒன்று, பொருளோ வெகுதூரம் விலகியது.

ஓவிடின் உலகில் உருமாற்றம் பெரும்பாலும் ஓர் அடைப்பு. மக்களை இழந்த நையோபி அழுதுகொண்டே பாறையானாள், பாறையும் அழுகிறது. மெடூசாவின் கதை இன்னும் கொடியது. கோவிலுக்குள் அவளைக் கெடுத்தவன் கடல்தேவன். தண்டனை பெற்றவளோ அவள். அவள் கூந்தல் பாம்பாயிற்று. குற்றம் ஒருவனுடையது, கோரம் ஒருத்தியுடையது என்னும் இவ்வழக்கு நமக்கு அயலானதன்று.

அகலிகை கதையைத் தமிழகம் நெடுங்காலமாக அறியும். திருப்பரங்குன்றத்தில் அவள் கல்லுருவான காட்சி ஓவியமாக இருந்ததைப் பரிபாடல் கூறுகிறது. வான்மீகத்தில் அவள் கல்லாவதில்லை. சாம்பலிற் கிடந்து, காற்றை உண்டு, எவர் கண்ணுக்கும் புலப்படாமல் தவமிருக்கிறாள். கம்பரோ கல்லாக்கி, இராமனின் அடித்தூளால் எழுப்பி, அவள் நெஞ்சு பிழைக்கவில்லை என்று முனிவன் வாயால் சான்றும் தருகிறார். நெல்லைச் சீமையில் வெள்ளக்கால் வெ.ப. சுப்பிரமணிய முதலியார் 'அகலிகை வெண்பா' இயற்றி அவளைக் குற்றமற்றவளாக நிறுவ முயன்றார். மில்டனின் காவிய முதற் காண்டத்தைச் 'சுவர்க்க நீக்கம்' என்று 1895இல் தமிழாக்கியவரும் இவரே என்பது, ஏவாளையும் அகலிகையையும் ஒரே மேசையில் வைத்து எழுதிய மனிதர் தாமிரபரணிக் கரையில் வாழ்ந்தார் என்பதற்குச் சான்று. நம் மாணவர்கள் கிருஷ்ணபிள்ளையைக் கற்கும் அளவு இவரையும் கற்றல் நலம்.

திருநெல்வேலி இந்துக் கல்லூரியில் பயின்ற புதுமைப்பித்தன் இக்கதையை இருமுறை கையாண்டார். 1934இல் வந்த 'அகல்யை' சிறியது. அங்கே சாபமே இல்லை. கோதமன் நடந்ததை உணர்ந்து மன்னிக்கிறான். அழகியதுதான், ஆனால் மிக எளிதில் முடிகிறது. மன்னிப்புக்கு அடுத்த நாள் என்ன ஆயிற்று என்று அதன் ஆசிரியருக்கே தோன்றியிருக்கவேண்டும். 1943இல் கலைமகளில் வந்த 'சாபவிமோசனம்' அந்த அடுத்த நாளின் கதை.

சாலையோரம் ஒரு கற்சிலை. இராமனின் காற்றூசி படுகிறது, உயிர் வருகிறது, கோதமனும் புற்றிலிருந்து எழுகிறான். பழைய கதை இங்கே முடிந்து மங்களம் பாடும். புதுமைப்பித்தன் இங்கேதான் தொடங்குகிறார். கோதமனின் மன்னிப்பு மெய்யானது. தன் சினத்திற்காக அவனே கூசுகிறான். எனினும் இருவரும் ஒருவரோடொருவர் இயல்பாகப் பேச இயலவில்லை. ஒவ்வொரு சொல்லுக்கும் உட்பொருள் உண்டோ என்று அவள் அஞ்சுகிறாள். எதிர்ப்படும் ஆடவர் எல்லாம் இந்திரனாகத் தோன்றுகின்றனர். நீராட வரும் முனிபத்தினியர் அவளைக் கண்டு விலகி ஓடுகின்றனர். வனவாசம் முடிந்து வந்த சீதை, தான் தீக்குளித்ததைச் சொல்லும்போது, அதை இராமனே கேட்டானா என்று அகலிகை வினவுகிறாள். கேட்டான் என்ற விடையில் அவளுடைய விமோசனம் உடைந்துபோகிறது. தன்னை எழுப்பியவன் தன் மனைவியைச் சோதித்தான். எனில் தனக்கு அருளிய நீதி யாருடையது? இறுதியில் கோதமன் அன்போடு அணைக்கும்போது, அவளுக்கு அது மீண்டும் இந்திர நாடகமாகத் தோன்ற, நெஞ்சு இறுகிக் கல்லாகிறாள். இம்முறை சாபமிட்டவர் எவருமில்லை. கல்லாதலையே ஆசிரியர் அவளுக்கு நிம்மதியாக்கிவிடுகிறார்.

நையோபிக்கும் கல் இத்தகைய ஓய்விடமே எனலாம். ஆயினும் ஒப்பிடத் தக்கவள் இயோ. பசுவாக்கப்பட்டு, அலைந்து, மீண்டும் பெண்ணுருப் பெற்ற அவள், பேச வாய்திறந்தால் பசுவின் குரல் வந்துவிடுமோ என்று அஞ்சினாள் என்கிறார் ஓவிட். ஓரிரு வரிகளில் அவர் கடந்துசென்ற அவ்வச்சத்தைப் புதுமைப்பித்தன் ஒரு முழுக்கதையாக விரித்தார். நாடகத்திலும் இது உண்டு. ஷேக்ஸ்பியரின் 'மாரிக்காலக் கதை'யில், கணவனின் வீண் சந்தேகத்தால் மாண்டதாகக் கருதப்பட்ட ஹெர்மையனி, பதினாறாண்டு கழித்துச் சிலையாக நின்று உயிர்த்து இறங்குகிறாள். கணவனைத் தழுவுகிறாள், ஆனால் ஒரு சொல்லும் அவனிடம் பேசுவதில்லை, மகளிடம் மட்டுமே பேசுகிறாள். அரங்கில் பலர் இதைக் கவனிப்பதில்லை. பெர்னார்டு ஷாவின் 'பிக்மேலியன்' (1913) வேறு வகை. சிலையை வடித்தவனுக்கே அது உரிமையா என்பது அங்கே கேள்வி. அதை இங்கு விரிக்க வேண்டுவதில்லை.

'சாபவிமோசன'த்தை இராமனைக் குறைகூறும் கருவியாகப் பிரசங்க மேடையில் எடுத்தாளும் போக்கை ஒப்புக்கொள்ள இயலாது. புராணத்தை இகழ்வது புதுமைப்பித்தனின் நோக்கமன்று. அயோத்தியில் கைகேயிக்கும் அகலிகைக்கும் அவர் அமைத்த உரையாடலின் பரிவே இதற்குப் போதிய சான்று. மேலும், அவர் தொடுக்கும் கேள்வி நம் வாசற்படியிலும் நிற்கிறது. யோவான் 8இல் கல்லெறியவந்தோர் ஒவ்வொருவராய்ப் போய்விட்டனர், அப்பெண்ணும் அனுப்பப்பட்டாள். எங்கே போனாள்? அதே ஊருக்குத்தான். அதே கிணற்றடிக்குத்தான். சுவிசேஷம் அதைச் சொல்லவில்லை. அதைச் சொல்லும் பொறுப்பு சபைக்கு விடப்பட்டது. திருவிருந்திலிருந்து விலக்கப்பட்டவளை மீண்டும் சேர்த்துக்கொள்ளும் ஒழுங்குமுறை நம்மிடம் எழுத்தில் உண்டு. அடுத்த ஞாயிறு அவள் எந்த வரிசையில், யார் அருகில் அமர்வாள் என்பதற்கு ஒழுங்குமுறை எதுவும் இல்லை. அறிக்கை செய்யவேண்டியவனாகிய ஆடவனின் பெயர் பல வேளைகளில் அப்பதிவேட்டில் ஏறுவதே இல்லை.

ஒரு குறையையும் கூறவேண்டும். அகலிகைக்குக் கல்லைத் தவிர வேறு வழியில்லை என்று ஆசிரியர் முடித்தது கலைக்குப் பொருந்தும். நம் விசுவாசத்திற்குப் பொருந்தாது. கல்லான இருதயத்தை எடுத்துச் சதையான இருதயத்தை அருளும் வாக்குறுதி எசேக்கியேலில் உண்டு. ஆனால் அவ்வாக்குறுதி இஸ்ரவேல் வீட்டார் அனைவருக்கும் கூறப்பட்டது; தனித்து நின்ற ஒரு பெண்ணுக்கு அன்று. 'சாபவிமோசன'த்தில் இருதயம் மாறியவர் கோதமனும் அகலிகையும் மட்டுமே. நீர்த்துறையில் விலகி ஓடிய பத்தினியர் ஓரிரு வரிகளில் வந்து மறைகின்றனர்; ஆசிரியர் அவர்களுக்குப் பெயர்கூட இடவில்லை.